விவாத அரங்கு எங்கிருந்து வந்தது? அகஸ்தோ போவாலின் நாடக வாழ்க்கை

ஆசிரியர் பயிற்சிகளிலும் தொண்டு நிறுவனங்களின் முகாம்களிலும் ‘ஃபோரம் தியேட்டர்’ என்ற பெயர் இப்போது அடிக்கடி காதில் விழுகிறது. தமிழில் விவாத அரங்கு என்கிறோம். குடிப்பழக்கம், குழந்தைத் திருமணம், பள்ளி இடைநிற்றல் என்று ஏதாவது ஒன்றை வைத்து இருபது நிமிடம் நாடகம் போடுகிறார்கள். முடிந்ததும் ஒருவர் மைக்கைப் பிடித்து, “இதிலிருந்து நாம் என்ன கற்றுக்கொண்டோம்?” என்று கேட்கிறார். கூட்டத்தில் இரண்டு பேர் எதிர்பார்த்த பதிலைச் சொல்கிறார்கள். கைதட்டலோடு நிகழ்ச்சி முடிகிறது.

இது விழிப்புணர்வு நாடகம். அதற்கென்று ஓர் இடம் இருக்கிறது, தவறில்லை. ஆனால் இதை விவாத அரங்கு என்று அழைத்தால், அந்த வடிவத்தின் உயிரே போய்விடுகிறது.

விவாத அரங்கை உருவாக்கியவர் பிரேசில் நாட்டின் அகஸ்தோ போவால். நாடக இயக்குநர், நாடகாசிரியர், நாடகக் கல்வியாளர். அவர் இதை ஒரே மூச்சில் கோட்பாடாக எழுதிவைத்துவிட்டு மேடைக்கு வரவில்லை. ஒரு வழி அடைபட்டபோது இன்னொரு வழியைத் தேடினார். அவருடைய ஒவ்வொரு உத்திக்கும் பின்னால் ஒரு தோல்வியோ ஒரு தடையோ இருக்கிறது. அவற்றைத் தெரிந்துகொண்டால்தான் உத்திகளின் விதிமுறைகள் ஏன் அப்படி இருக்கின்றன என்பது புரியும். எனவே அவருடைய வாழ்க்கையை வரிசையாகப் பார்ப்பதுதான் இதை விளங்கிக்கொள்ளச் சிறந்த வழி.

முதலில் சில சொற்கள்

1. ஒடுக்கப்பட்டோர் அரங்கு: போவால் உருவாக்கிய உத்திகள் எல்லாவற்றுக்கும் சேர்த்து அவர் வைத்த பொதுப்பெயர். விவாத அரங்கு அதில் ஒரு கிளை. உருவ அரங்கு, கண்ணுக்குத் தெரியாத அரங்கு, செய்தித்தாள் அரங்கு, சட்டமன்ற அரங்கு ஆகியவை மற்ற கிளைகள்.

2. பார்வை-நடிகர்: பார்வையாளர், நடிகர் என்ற இரண்டு சொற்களையும் ஒட்டி போவால் ஒரு புதுச் சொல்லை உருவாக்கினார். பார்த்துக்கொண்டிருப்பவர் எழுந்து வந்து நடிக்கலாம் என்பதே அதன் பொருள். தமிழில் பார்வை-நடிகர் என்று சொல்லிக்கொள்ளலாம்.

3. ஜோக்கர்: நாடகத்துக்கும் கூட்டத்துக்கும் நடுவில் நின்று நடத்திச் செல்பவர். பெயரைக் கேட்டதும் கோமாளி என்று பலர் நினைக்கிறார்கள். போவால் பயன்படுத்திய ‘குரிங்கா’ என்ற போர்த்துகீசியச் சொல் சீட்டாட்டத்திலிருந்து வந்தது. ரம்மியில் ஜோக்கர் சீட்டு எந்தச் சேர்க்கையிலும் எந்தச் சீட்டின் இடத்திலும் பொருந்தும் அல்லவா, அந்த ஜோக்கர்தான் இது. தெருக்கூத்தின் கட்டியங்காரனைப் போல இவரும் இருபக்கமும் பேசுவார். ஆனால் சிரிக்கவைப்பது இவருடைய வேலை இல்லை.

4. விவாத அரங்கு: ஒடுக்குதலுக்கு உள்ளான ஒருவர் தன் நியாயத்துக்காக முயன்று தோற்றுப்போகும் கதையைக் குழு நடிக்கும். முடிந்ததும் அதே நாடகம் மறுபடியும் தொடங்கும். இம்முறை பார்ப்பவர்களில் யார் வேண்டுமானாலும் ‘நிறுத்து’ என்று சொல்லி, அந்தப் பாத்திரத்தின் இடத்தில் நின்று, வேறு விதமாக நடந்துபார்க்கலாம். எதிரே நிற்கும் முதலாளியோ அதிகாரியோ மாமியாரோ விட்டுக்கொடுக்காமல் தங்கள் பங்கை நடிப்பார்கள்.

நாலாவதில் ‘தோற்றுப்போகும்’ என்ற சொல்லைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். அங்கேதான் பின்னால் வரப்போகும் சிக்கல் பலவும் தொடங்குகிறது.

ரொட்டிக் கடைக்காரர் மகன்

போவால் 1931 மார்ச் 16 அன்று ரியோ டி ஜெனீரோவில் பிறந்தார். போர்ச்சுகலிலிருந்து வந்து குடியேறிய தந்தை, பெஞ்யா என்ற தொழிலாளர் பகுதியில் ரொட்டிக் கடை வைத்திருந்தார். மகன் படித்தது வேதிப் பொறியியல். மேற்படிப்புக்காக 1950களின் தொடக்கத்தில் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்துக்குப் போனபோது, வேதியியலோடு சேர்த்து ஜான் காஸ்னர் என்ற பேராசிரியரிடம் நாடகம் எழுதவும் கற்றுக்கொண்டார். அங்கே நடிப்புப் பயிற்சிகளை நேரில் பார்த்தார், ரஷ்ய இயக்குநர் ஸ்தானிஸ்லாவ்ஸ்கியின் நடிப்பு முறையையும் உள்வாங்கிக்கொண்டார்.

1955-ல் ஊர் திரும்பியவருக்கு அடுத்த ஆண்டே சாவோ பாலோ நகரின் அரேனா தியேட்டரில் இயக்குநராக வேலை கிடைத்தது. ஜோசே ரெனாதோ என்பவர் 1953-ல் தொடங்கிய குழு அது. நடுவில் நடிகர்கள், சுற்றிலும் பார்வையாளர்கள். பெரிய மேடை, திரைச்சீலை, பகட்டான அரங்க அமைப்பு எதற்கும் பணமும் இல்லை, இடமும் இல்லை. அன்றைய பிரேசிலில் மேல்தட்டு நாடகம் என்றால் ஐரோப்பிய நாடகங்களை ஐரோப்பிய பாணியில் போடுவது. பிரேசில்காரர் பேசுவதுபோலப் பேசும் பாத்திரத்தை மேடையில் பார்ப்பதே அரிது.

அரேனா அதை மாற்றியது. 1958-ல் ஜான்ஃப்ரான்செஸ்கோ குவார்னியெரி எழுதி, ரெனாதோ இயக்கிய நாடகம் ஒன்று வேலைநிறுத்தம் செய்யும் ஆலைத் தொழிலாளர் குடும்பத்தை மேடையேற்றியது. மூடும் நிலையில் இருந்த குழுவையே அந்த நாடகத்தின் வெற்றி காப்பாற்றியது. அதே ஆண்டில் போவால் முன்னின்று நாடகாசிரியர்களுக்கான பயிலரங்கம் ஒன்றைத் தொடங்கினார். உறுப்பினர்கள் தாங்கள் எழுதியதைக் கொண்டுவந்து வாசிப்பார்கள், மற்றவர்கள் அக்குவேறு ஆணிவேறாக அலசுவார்கள். போவால் கல்வியாளராக உருவானது இங்கேதான் என்று நினைக்கிறேன். நாடகம் எழுதுவது பிறவி வரம் என்ற எண்ணத்தை அந்த அறை உடைத்தது. நாடகத்தை யாரும் செய்யலாம் என்று பின்னாளில் அவர் சொன்னதன் முதல் படி இது.

விர்ஜிலியோ கேட்ட கேள்வி

1960களின் தொடக்கத்தில் அரேனா குழுவினர் நாட்டின் வறண்ட வடகிழக்குப் பகுதிக்குப் போய் நிலமற்ற விவசாயிகள் முன் நாடகம் போட்டார்கள். ஒரு நாடகத்தின் முடிவில் நடிகர்கள் துப்பாக்கிகளைத் தூக்கிப் பிடித்து, நிலத்தை மீட்க நம் ரத்தத்தையும் சிந்துவோம் என்று பாடினார்கள். கூட்டம் உணர்ச்சிவசப்பட்டது.

நாடகம் முடிந்ததும் விர்ஜிலியோ என்ற விவசாயி கண்ணீரோடு வந்தார். நாங்களும் இப்படித்தான் நினைக்கிறோம், வாருங்கள், முதலில் சாப்பிடுவோம், அப்புறம் உங்கள் துப்பாக்கிகளையும் எடுத்துக்கொண்டு எங்கள் நிலத்தைப் பிடுங்கியவனின் ஆட்களை விரட்டப் போவோம் என்றார். நடிகர்கள் தடுமாறிப்போய், இவை சுடாத துப்பாக்கிகள், நாடகத்துக்காகச் செய்தவை என்று விளக்கினார்கள். பரவாயில்லை, எங்களிடம் நிஜத் துப்பாக்கிகள் இருக்கின்றன, நீங்கள் வந்தால் போதும் என்றார் அவர். நாங்கள் உண்மையான கலைஞர்கள்தான், உண்மையான விவசாயிகள் இல்லை என்று சொல்லிச் சமாளிக்கப் பார்த்தார்கள். அப்போதுதான் விர்ஜிலியோவுக்குப் புரிந்தது. அப்படியானால் ரத்தம் சிந்துவோம் என்று நீங்கள் பாடியது எங்கள் ரத்தத்தைப் பற்றித்தானா என்று கேட்டார்.

போவால் இந்த நிகழ்ச்சியை வாழ்நாள் முழுக்கத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார். தான் ஏற்கத் தயாராக இல்லாத ஆபத்தை இன்னொருவருக்குப் பரிந்துரைக்கக் கூடாது என்பது அதிலிருந்து அவர் எடுத்துக்கொண்ட முடிவு. மேடையிலிருந்து அறிவுரை சொல்லும் நாடகத்தின் மீது அவருக்கு இருந்த நம்பிக்கை அன்றே ஆட்டம் கண்டது. மாற்று என்ன என்பது கிடைக்கப் பத்தாண்டுகளுக்கு மேல் ஆனது.

ஆட்சிக் கவிழ்ப்பும் ஜோக்கரும்

1964-ல் பிரேசிலில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. வடகிழக்கில் விவசாய மக்களுக்கு எழுத்தறிவு கற்பித்துக்கொண்டிருந்த கல்வியாளர் பாவ்லோ ஃப்ரெய்ரே சிறைப்பட்டு, பிறகு நாட்டைவிட்டு வெளியேறினார். நாடகக் குழுக்களால் விவசாயிகளையும் தொழிற்சங்கங்களையும் நெருங்க முடியவில்லை. நடப்பு அரசியலை நேரடியாகப் பேச முடியாதபோது அரேனா வரலாற்றுக்குள் போனது. பதினேழாம் நூற்றாண்டில் தப்பியோடிய அடிமைகள் பல்மாரிஸ் என்ற இடத்தில் அமைத்துக்கொண்ட சுதந்திரக் குடியிருப்பையும் அதன் தலைவன் சும்பியையும் பற்றிய இசை நாடகம் 1965-ல் மேடையேறியது. போர்த்துகீசிய ஆட்சியை எதிர்த்துத் தூக்கிலிடப்பட்ட திராதெந்திஸ் பற்றிய நாடகம் 1967-ல் வந்தது.

ஜோக்கர் முறை இந்த இரண்டு நாடகங்களில் உருவானது. சும்பி நாடகத்தில் எந்தப் பாத்திரமும் ஒரே நடிகருக்குச் சொந்தமில்லை. எல்லோரும் எல்லாப் பாத்திரத்தையும் மாற்றி மாற்றி நடித்தார்கள். அடிமையின் நடையும் எசமானின் முறைப்பும் ஓர் ஆளிடம் இல்லை, அந்த இடத்தில் யார் நின்றாலும் வந்து ஒட்டிக்கொள்ளும் என்பதைப் பார்வையாளர் கண்ணால் கண்டார்கள். திராதெந்திஸ் நாடகத்தில் ஜோக்கர் தனிப் பாத்திரமே ஆனார். கதையை நடுவில் நிறுத்துவார், பாத்திரங்களைப் பேட்டி எடுப்பார், ஏன் இப்படிச் செய்தாய் என்று கேட்பார். பாத்திரத்தையும் நடிகரையும் பிரிக்க முடியும் என்றாகிவிட்டால், அந்த இடத்தில் ஒருநாள் பார்வையாளரும் வந்து நிற்க முடியும். அன்று அதற்காக அவர்கள் அதைச் செய்யவில்லை. ஆனால் கதவு அப்போதே திறந்துவிட்டது.

1968 டிசம்பர் 13 அன்று ராணுவ அரசு கொண்டுவந்த ஐந்தாவது ‘நிறுவனச் சட்டம்’ நாடாளுமன்றத்தை மூடியது, அரசியல் கைதிகளுக்கு ஆட்கொணர்வு மனு உரிமையைப் பறித்தது, தணிக்கையை இறுக்கியது. நாடகம் போடுவதே கடினமானது. அப்போது பிறந்ததுதான் செய்தித்தாள் அரங்கு. தணிக்கை முடிந்து அச்சாகி வந்த செய்தியை எடுத்து வெவ்வேறு விதமாக வாசிப்பது. இரண்டு செய்திகளை மாற்றி மாற்றி வாசித்தால் ஒன்று மற்றொன்றைப் பொய்யாக்கும். செய்தி விட்டுவிட்ட விவரத்தைச் சேர்த்து வாசிக்கலாம். அரசு அறிவிப்பைச் சம்பா என்ற பிரேசில் நடன இசையின் தாளத்திலோ தேவாலயப் பாட்டின் இழுப்பிலோ வாசித்தால் அதற்குள் இருக்கும் உண்மையான தொனி வெளியே வரும். இதற்கு நாடகாசிரியர் வேண்டாம், அரங்கம் வேண்டாம், ஒரு பேப்பரும் நாலு பேரும் போதும். அரேனாவின் இளைஞர்கள் மாணவர்களுக்கும் தொழிலாளர்களுக்கும் இதைக் கற்றுக்கொடுத்துக் குழுக்களை உருவாக்கினார்கள். நாடகத்தைக் கொடுப்பதிலிருந்து, நாடகம் செய்யும் வழியைக் கொடுப்பதற்கு போவால் நகர்ந்தது இந்த இடத்தில்.

1971 தொடக்கத்தில் ஒத்திகை முடிந்து வீட்டுக்குப் போகும் வழியில் அவரைக் கைது செய்தார்கள். தலைகீழாகத் தொங்கவிட்டு மின்சாரம் பாய்ச்சினார்கள். பிரேசிலில் சித்திரவதை நடக்கிறது என்று வெளிநாடுகளில் சொல்லி நாட்டின் பெயரைக் கெடுத்தாய் என்பது அந்த நேரத்தில் அவர் மீது சொன்ன குற்றச்சாட்டு. இதைத் தன் வாழ்க்கை வரலாற்றில் அவரே எழுதியிருக்கிறார். உலகெங்கும் நாடகக் கலைஞர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். விடுதலையான பிறகு மனைவி சிசிலியாவின் நாடான அர்ஜென்டினாவில் குடியேறினார். அடுத்த பதினைந்து ஆண்டுகள் அயல்நாட்டு வாழ்க்கை.

பெரு, 1973: ஆணியும் துடைப்பமும்

விவாத அரங்கு பிறந்த இடம் தென் அமெரிக்க நாடான பெரு. அன்றைய பெரு அரசு எழுத்தறிவின்மையை நான்கே ஆண்டுகளில் ஒழிப்பது என்று ஒரு பெரிய திட்டம் தொடங்கியது. ஃப்ரெய்ரேயின் கல்வி முறையில் ஊறிய திட்டம் அது. கல்வி என்பது ஆசிரியர் மாணவர் மண்டையில் தகவலைச் சேமித்துவைப்பது அல்ல, இருவரும் சேர்ந்து உலகைப் படிப்பது என்பது ஃப்ரெய்ரேயின் அடிப்படை வாதம். போவால் அந்தத் திட்டத்தின் நாடகப் பிரிவில் வேலை செய்தார்.

எழுத்தறிவு என்றால் எந்த மொழியில் என்பதே அங்கே முதல் கேள்வி. கற்க வந்தவர்கள் கெச்சுவா, அய்மரா, இன்னும் பல மொழிகள் பேசினார்கள். ஸ்பானிஷ் பலருக்கு அந்நியம். எனவே திட்டக்காரர்கள் எழுத்தை மட்டும் மொழியாக எடுத்துக்கொள்ளவில்லை. படம் பிடிப்பதும் நடிப்பதும் மொழிதான் என்று எடுத்துக்கொண்டார்கள். மக்கள் கையில் கேமரா கொடுத்து, கேள்விக்குப் படத்தால் பதில் சொல்லச் சொன்னார்கள். சுரண்டல் என்றால் என்ன என்ற கேள்விக்கு லிமா நகரத்துச் சிறுவன் ஒருவன் சுவரில் அடித்த ஓர் ஆணியைப் படம் எடுத்து வந்தான். பெரியவர்களுக்குப் புரியவில்லை, மற்றச் சிறுவர்களுக்கு உடனே புரிந்தது. அவர்கள் ஷூ பாலிஷ் போடும் பிள்ளைகள். பாலிஷ் பெட்டியைத் தினமும் வீடுவரை தூக்கிப் போக முடியாத வயது. கடைச் சுவரில் இருக்கும் ஆணியில் இரவு பெட்டியை மாட்டிவைக்கக் கடைக்காரருக்கு வாடகை கொடுத்தார்கள். ஆணியைப் பார்த்ததும் அந்த வாடகைதான் அவர்களுக்கு நினைவுக்கு வந்தது.

உருவ அரங்கு இதே தேவையிலிருந்து வந்தது. பேச்சே இல்லாமல், மற்றவர்களின் உடல்களைக் களிமண்போல வளைத்து ஒரு சிலைக் காட்சி அமைப்பது. மூன்று படிகள்:

1. இப்போது இருக்கும் நிலையைச் சிலையாக அமைப்பது.
2. இருக்க வேண்டிய நிலையை அமைப்பது.
3. முதலாவதிலிருந்து இரண்டாவதற்கு எப்படிப் போவது என்பதைப் படிப்படியாக அமைத்துக் காட்டுவது.

மூன்றாவதுதான் கடினம். நல்ல குடும்பம் எது என்பதில் எல்லோரும் ஒத்துப்போவார்கள். அதை அடைய முதலில் யார் எழுந்து நிற்பது என்று வரும்போதுதான் உண்மையான கருத்து வேறுபாடு வெளியே வரும்.

சரி, விவாத அரங்குக்கு வருவோம். அப்போது போவால் வேறொரு முறையைப் பயன்படுத்திக்கொண்டிருந்தார். ஒரு சிக்கல் வரை நடித்து நிறுத்துவார்கள், கூட்டத்திடம் தீர்வு கேட்பார்கள், கூட்டம் சொல்வதை நடிகர்கள் நடித்துக் காட்டுவார்கள். ஒருநாள் ஒரு பெண் தன் கதையைக் கொடுத்தார். எழுதப் படிக்கத் தெரியாத அவரிடம் கணவன் சில காகிதங்களைக் கொடுத்துப் பத்திரமாக வைக்கச் சொல்லியிருந்தான். முக்கியமான ஆவணம் என்று நம்பி வைத்திருந்தார். பிறகுதான் தெரிந்தது, அவை அவனுடைய காதலி அவனுக்கு எழுதிய கடிதங்கள். இன்று இரவு கணவன் வீட்டுக்கு வருகிறான், நான் என்ன செய்வது?

கூட்டம் பல யோசனைகள் சொன்னது. அழலாம், வீட்டைவிட்டுப் போகலாம், கதவைப் பூட்டலாம். ஒவ்வொன்றையும் நடித்தார்கள், எதுவும் திருப்தி தரவில்லை. பருத்த உடல்வாகுள்ள ஒரு பெண்மணி மட்டும், அவனிடம் தெளிவாகப் பேசவேண்டும், அப்புறம் மன்னிக்க வேண்டும் என்றார். நடிகை பேசிக் காட்டினார். இல்லை, தெளிவாக என்றார் அவர். மறுபடி நடித்தார்கள், மறுபடியும் இல்லை என்றார். கோபத்தோடு எழுந்து போகப் பார்த்தவரை போவால் மேடைக்கு அழைத்து, நீங்களே செய்துகாட்டுங்கள் என்றார். அவர் வந்தார். கணவனாக நடித்தவரை வளைத்துப் பிடித்துத் துடைப்பத்தால் நிஜமாகவே விளாசினார், கூடவே மனதில் இருந்ததையெல்லாம் கொட்டினார். அதன் பிறகு மன்னித்தார், போய்ச் சமையலறையிலிருந்து சாப்பாடு எடுத்து வா என்று அவனுக்கு உத்தரவும் போட்டார்.

அவர் சொன்ன ‘தெளிவாக’ என்பதன் பொருளை வேறு எந்த நடிகையாலும் கண்டுபிடித்திருக்க முடியாது. அது அந்தப் பெண்மணியின் உடலில் இருந்தது. பார்வையாளரின் கருத்தை நடிகர் மொழிபெயர்த்துக் காட்டுவதில் எப்போதும் ஏதோ ஒன்று தொலைந்துபோகிறது என்பது போவாலுக்கு அன்று விளங்கியது. விர்ஜிலியோவின் கேள்விக்கும் இதில் ஒரு பதில் கிடைத்தது. என்ன செய்யவேண்டும் என்று நாம் சொல்ல வேண்டியதில்லை. அவர்களே மேடையேறிச் செய்துபார்க்க வழிவிட்டால் போதும்.

அரிஸ்டாட்டிலோடு ஏன் சண்டை?

இந்த அனுபவங்களைத் தொகுத்து 1974-ல் புவனோஸ் ஐரிஸில் ஸ்பானிஷ் மொழியில் ஒடுக்கப்பட்டோர் அரங்கு பற்றிய தன் நூலை வெளியிட்டார். ஃப்ரெய்ரேயின் ஒடுக்கப்பட்டோர் கல்வி பற்றிய புகழ்பெற்ற நூலின் எதிரொலி பெயரிலேயே இருக்கிறது. அதன் கோட்பாட்டுப் பகுதியைச் சுருக்கமாக இப்படிச் சொல்லலாம்:

1. அரிஸ்டாட்டில் விளக்கும் துன்பியல் நாடகத்தில் பார்வையாளர் நாயகனோடு ஒன்றிப்போகிறார், அவனுடைய வீழ்ச்சியைக் கண்டு பயமும் இரக்கமும் கொள்கிறார், உணர்ச்சி வடிந்து அமைதியாக வீடு திரும்புகிறார். எதையாவது மாற்றவேண்டும் என்ற உந்துதலும் அந்த வடிகாலோடு போய்விடுகிறது என்பது போவாலின் குற்றச்சாட்டு.
2. ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட் பார்வையாளரை விலகி நின்று சிந்திக்கவைத்தார். ஆனால் செயல் இன்னும் நடிகரிடமே இருந்தது.
3. போவாலின் அரங்கில் பார்வையாளர் தன் சார்பில் சிந்திக்கவும் செயல்படவும் யாருக்கும் அதிகாரம் கொடுப்பதில்லை. தானே செய்கிறார்.

நாடகம் புரட்சி இல்லை, புரட்சிக்கான ஒத்திகை என்று அவர் சொன்னது இந்தப் பொருளில்தான். ஒத்திகை என்ற சொல்லை அவர் தொழில்முறை இயக்குநராகவே சொன்னார். ஒத்திகையில் தப்பு செய்யலாம், திரும்பச் செய்யலாம், யாருக்கும் அடி விழாது. பண்ணையாரிடம் கூலி உயர்வு கேட்பதற்கு முன்னால் அவர் என்னென்ன சொல்லி மடக்குவார் என்பதைப் பழகிப் பார்க்க வேறெங்கே இடம் இருக்கிறது?

அரிஸ்டாட்டில் மீது அவர் வைத்த விமர்சனம் எனக்கு முழுதாக ஏற்புடையதல்ல. அழுதுவிட்டு வீட்டுக்குப் போனவர்கள் மறுநாள் மாறியதும் உண்டு. ஆனால் அந்த விமர்சனம் அவரை எங்கே கொண்டுபோய் நிறுத்தியது என்பது முக்கியம்.

உணவகத்தில் ஒரு நாடகம்

ஒடுக்குமுறை நிலவும் இடத்தில் நாடகம் என்று அறிவித்தால்தானே பிடிப்பார்கள்? அறிவிக்காமலே போட்டால்? கண்ணுக்குத் தெரியாத அரங்கு என்பது அது. பொது இடத்தில், நாடகம் என்று யாருக்கும் தெரியாமல், ஒத்திகை பார்த்த காட்சி ஒன்றை நடத்துவது. போவால் தரும் உதாரணம் பெருவில் ஓர் ஓட்டல் உணவகத்தில் நடந்தது. நடிகர் ஒருவர் 70 சோல் (சோல் என்பது பெருவின் நாணயம்) விலையுள்ள இறைச்சி உணவைச் சாப்பிட்டுவிட்டு, கையில் பணமில்லை, உழைத்துக் கடனைத் தீர்க்கிறேன் என்கிறார். குப்பை அள்ளுபவருக்கு என்ன கூலி என்று பணியாளரிடம் கேட்கிறார். மணிக்கு 7 சோல். அப்படியானால் இந்த ஒரு வேளைச் சாப்பாட்டுக்கு நான் 10 மணி நேரம் குப்பை அள்ள வேண்டுமா? பக்கத்து மேசைகளில் இருந்த மற்ற நடிகர்கள் பேச்சை வளர்க்கிறார்கள், உணவகம் முழுக்கக் கூலியைப் பற்றி விவாதம் வெடிக்கிறது.

தெரியாதவர்களை அவர்கள் சம்மதமில்லாமல் நாடகத்துக்குள் இழுப்பது சரியா என்ற கேள்வி அன்றும் எழுந்தது, இன்றும் நிற்கிறது. ராணுவ ஆட்சியில் அதற்கு இருந்த நியாயம் ஒரு கல்லூரி விழாவில் இல்லை என்பது என் கருத்து. சுற்றியிருப்பவர்கள் நிஜச் சண்டை என்று நம்பிக் கைநீட்டினால் அதற்கு யார் பொறுப்பு?

பாரிஸ்: தலைக்குள் ஒரு போலீஸ்

1976-ல் அர்ஜென்டினாவிலும் ராணுவம் ஆட்சிக்கு வந்தது. போவால் போர்ச்சுகலுக்கும், 1978-ல் பாரிஸுக்கும் போனார். அங்கே சோர்போன் பல்கலைக்கழகத்தில் கற்பித்தார், தன் முறைக்கென ஒரு மையம் அமைத்தார்.

ஐரோப்பியப் பயிலரங்குகளில் பங்கேற்றவர்கள் தனிமை, வெறுமை, யாரிடமும் மனம்விட்டுப் பேச முடியாமை என்று சொன்னபோது முதலில் அவருக்கு விளங்கவில்லை. போலீஸ் எங்கே, முதலாளி எங்கே என்று கேட்டார். லத்தீன் அமெரிக்காவில் பார்த்த ஒடுக்குதலுக்கு முகம் இருந்தது. சாப்பாடும் மருத்துவமும் உறுதியாக இருக்கும் நாடுகளில் ஏன் இத்தனை பேர் தற்கொலை செய்துகொள்கிறார்கள் என்று யோசித்த பிறகு, போலீஸ் தலைக்குள் இருக்கிறது, ஆனால் அதன் தலைமையகம் வெளியேதான் இருக்கிறது என்ற முடிவுக்கு வந்தார். ‘நீ பேசாதே’, ‘உனக்கெல்லாம் எதற்கு’ என்று யாரோ எப்போதோ சொன்ன குரல்களுக்கு உருவம் கொடுத்து, அவற்றை மேடையில் நிறுத்தி வாதாடும் உத்திகள் இங்கே உருவாயின. இது உளவியல் சிகிச்சைக்கு மிக அருகில் வருகிறது. அதனாலேயே இதைக் கவனத்தோடு, பயிற்சி உள்ளவர்தான் நடத்த வேண்டும். ஒருநாள் முகாமில் ஒருவருடைய பழைய காயத்தைத் திறந்துவிட்டு மாலை பஸ் பிடிக்கக் கூடாது.

நாடக ஆசிரியர்கள் இன்று பயன்படுத்தும் விளையாட்டுகளில் பலவும் போவால் தொகுத்தவை. ஒருவர் உள்ளங்கையை மற்றவர் முகத்துக்கு ஒரு சாண் தள்ளிப் பிடித்து அசைக்க, முகம் அந்தக் கையைவிட்டு விலகாமல் பின்தொடரும் பயிற்சி அவற்றில் பிரபலம். பார்க்க வெறும் விளையாட்டு. ஆனால் வேலை உடலை ஒரு வடிவத்தில் இறுக்கிவிடுகிறது என்பது போவாலின் கணிப்பு. நாளெல்லாம் தையல் மெஷினில் குனிந்திருப்பவரின் முதுகை நினைத்துப் பாருங்கள். அந்த இறுக்கத்தை உணர்ந்து தளர்த்தாமல் வேறொருவராக நடித்துப்பார்க்க முடியாது. அதற்காகத்தான் விளையாட்டு.

நாடகம் சட்டமாகிறது

ராணுவ ஆட்சி முடிந்தபின் 1986-ல் போவால் ரியோவுக்குத் திரும்பினார். அங்கே அமைந்த ஒடுக்கப்பட்டோர் அரங்கு மையம் சில ஆண்டுகளில் பணமில்லாமல் தத்தளித்தது. 1992 நகராட்சித் தேர்தலில் தொழிலாளர் கட்சிக்காகத் தெருவில் நாடகம் போடுகிறோம் என்று குழுவினர் முன்வர, உங்களில் ஒருவர் வேட்பாளராகவும் நில்லுங்கள் என்றது கட்சி. ஜெயிக்கப் போவதில்லை என்று நினைத்து நின்ற போவால் ஜெயித்துவிட்டார்.

நகர்மன்ற உறுப்பினருக்கு உதவியாளர்களை வைத்துக்கொள்ளும் உரிமை உண்டு. அந்த இடங்களில் தன் மையத்தின் ஜோக்கர்களை நியமித்தார். சட்டமன்ற அரங்கு இப்படி நடந்தது:

1. ஜோக்கர்கள் முதியோர், பார்வையற்றோர், வீட்டு வேலை செய்வோர், குடிசைப்பகுதி மக்கள் ஆகியோரோடு சேர்ந்து குழுக்களை அமைத்தார்கள்.
2. குழு தன் சிக்கலை நாடகமாக்கி மற்றவர்கள் முன் விவாத அரங்காக நடத்தியது.
3. மேடையேறியவர்கள் முயன்றுபார்த்ததை ஜோக்கர்கள் அறிக்கையாக எழுதினார்கள்.
4. தனிமனித முயற்சியால் தீராது, விதியே மாறவேண்டும் என்று தெரிந்த இடங்களை வழக்கறிஞர்கள் உள்ள ஒரு சிறு குழு மசோதாவாக எழுதியது.
5. போவால் அதை நகர்மன்றத்தில் கொண்டுவந்தார்.

1993 முதல் 1996 வரையிலான பதவிக்காலத்தில் இந்த வழியில் 13 சட்டங்கள் நிறைவேறின. நகராட்சி மருத்துவமனைகளில் முதியோர் சிகிச்சைக்கு ஏற்பாடு, குற்ற வழக்குகளின் சாட்சிகளுக்குப் பாதுகாப்பு ஆகியவை அவற்றில் அடங்கும். எனக்கு மிகவும் பிடித்தது தெருத் தொலைபேசி பற்றியது. கம்பத்தில் தொங்கும் தொலைபேசிக் கூண்டு மேலே அகலமாகவும் கீழே வெறுமையாகவும் இருக்கும். பார்வையற்றவரின் கைத்தடி தரையில் தடை எதையும் காணாது, தலை போய் மோதும். கூண்டுக்குக் கீழே தரையைச் சற்று உயர்த்திவிட்டால் கைத்தடி முன்கூட்டியே சொல்லிவிடும். அடிபட்டவர்கள் நடித்துக் காட்டாமல் இப்படி ஒரு விவரம் எந்த மசோதாவுக்குள்ளும் வந்திருக்காது.

1996-ல் மறுபடி நின்று தோற்றார். பிறகு சிறைகளிலும் நிலமற்றோர் இயக்கத்தோடும் வேலை செய்தார். 2009 மார்ச் 27 உலக நாடக தினச் செய்தியை எழுதியவர் அவர்தான். அதே ஆண்டு மே 2 அன்று ரத்தப் புற்றுநோயால் காலமானார். பாவ்லோ ஃப்ரெய்ரே இறந்ததும் ஒரு மே 2 அன்றுதான், 1997-ல்.

எங்கே பிசகுகிறது?

இந்தியாவில் போவாலின் முறையை நீண்ட காலமாக விடாமல் செய்துவருவது மேற்கு வங்கத்தின் ஜன சம்ஸ்கிருதி. சஞ்சய் கங்குலி 1985-ல் தொடங்கிய இந்த அமைப்பு, சுந்தரவனப் பகுதியில் விவசாயக் கூலிகளையே நடிகர்களாகக் கொண்டு வளர்ந்தது. ஒரே ஊருக்கு ஒரே நாடகத்தோடு திரும்பத் திரும்பப் போகிறார்கள். முதல் முறை மேடையேறத் தயங்கும் பெண் மூன்றாம் முறை வருவாள் என்பது அவர்களின் அனுபவம். ஒருநாள் நிகழ்ச்சிக்கு நிதி வாங்கி, படம் எடுத்து, அறிக்கை அனுப்பும் அமைப்பில் இது நடக்காது.

இனி, தொடக்கத்தில் சொன்ன மைக் நாடகத்துக்குத் திரும்புவோம். விவாத அரங்கு என்ற பெயரில் நடக்கும் ஒரு நிகழ்ச்சியில் கவனிக்க வேண்டியவை இவை:

1. நாடகம் கேள்வியில் முடிகிறதா? நாயகி ஜெயித்துவிட்டால் பார்ப்பவருக்கு மேடையில் வேலையே இல்லை. அவள் தோற்றாக வேண்டும், ஆனால் வேறு விதமாகச் செய்திருக்கலாமே என்று தோன்றும்படி தோற்கவேண்டும். விமானத்திலிருந்து விழுந்துகொண்டிருப்பவரைப் பற்றி விவாத அரங்கு போட முடியாது.

2. யாருடைய இடத்தில் நிற்கிறார்கள்? ஒடுக்கப்பட்டவரின் இடத்திலோ அவருக்குத் துணை நிற்கக்கூடியவரின் இடத்திலோ நிற்கலாம். குடிகாரக் கணவனின் இடத்தில் போய் நின்று, இன்று முதல் குடிக்க மாட்டேன் என்று சொல்வது அனுமதி இல்லை. ஒடுக்குபவர் தானாகத் திருந்தும் கதைக்கு ஒத்திகை தேவையில்லை.

3. மாயம் நடக்கிறதா? மேடையேறியவருக்கு லாட்டரி விழுந்தாலோ, திடீரென்று ஒரு நல்ல கலெக்டர் முளைத்தாலோ கூட்டத்தில் யாரும் ‘மாயம்’ என்று கத்தி நிறுத்தலாம். இது நடக்குமா, நடக்காதா என்று முடிவு செய்வது கூட்டம்தான், ஜோக்கர் இல்லை.

4. சரியான விடை முன்பே தயாராக இருக்கிறதா? நிதி கொடுத்தவர் ‘பெண்கள் உதவி எண்ணுக்கு அழைக்க வேண்டும்’ என்ற முடிவை எதிர்பார்த்தால், உதவி எண்ணுக்கு அழைத்தும் பயனில்லாமல் போன பெண் எழுந்து வந்து அதைக் காட்ட வழி இருக்கிறதா என்று பாருங்கள்.

5. ஜோக்கர் காத்திருக்கிறாரா? ‘யார் வருகிறீர்கள்?’ என்று கேட்டதும் யாரும் எழுந்து வரமாட்டார்கள். ஒருவரை ஒருவர் பார்ப்பார்கள், சிரிப்பார்கள், தலையைக் குனிவார்கள். புதிய ஜோக்கருக்கு அந்த அமைதி பயத்தைக் கொடுக்கும், பேசி நிரப்பத் தோன்றும். பழகியவர் நடிகர்களைத் திரும்ப முதலிலிருந்து நடிக்கச் சொல்வார், இன்னும் மெதுவாக. அந்த நாயகி இரண்டாம் முறையும் அதே இடத்தில் வாயை மூடிக்கொண்டு தலைகுனியும்போது, பின்வரிசையில் யாராவது ஒருவருக்குப் பொறுக்காது. அவர் எழுந்து முன்னால் வரும்வரை ஜோக்கர் செய்யவேண்டியது ஒன்றும் இல்லை.